தொகுமுராவின் நீலம்

“கண்ண மூடிக்கோங்கப்பா” என்று அந்த நர்ஸ் மறுபடியும் சொல்லிவிட்டுப் போகிறாள். மூடிக்கொண்டுதானே இருக்கிறேன், மூடின கண்ணை இன்னும் எப்படி மூடுவதாம். அதுவும் அப்பாவாம். நான் யாருக்கு அப்பா? எனக்கும் ஜெபக்கனிக்கும் பிள்ளையே கிடையாது. நாற்பது வருஷமாகக் கோடம்பாக்கம் முழுக்க திரவியம் சார், திரவியம் சார் என்று கூப்பிட்டது, ஒளிப்பதிவு ஞானதிரவியம் என்று திரையில் தனியாகப் பெயர் வந்தால் பின்வரிசையில் நாலு பேராவது கைதட்டினார்கள், இங்கே ஒரு பச்சை அங்கியை மாட்டி, தலையில் குல்லாயைக் கவிழ்த்து, நாற்காலி வரிசையில் உட்கார வைத்ததும் எல்லாரோடும் சேர்த்து நானும் அப்பா. இடது புருவத்துக்கு மேலே ஒரு ஸ்டிக்கர் வேறு. எந்தக் கண் என்று டாக்டருக்கு மாறிப்போய்விடக் கூடாதாம். போன மாதம் என் வலது கண்ணை அறுத்து, புரையை எடுத்து, புது லென்ஸ் வைத்தவரே அவர்தான். அவருக்கே மாறிப்போகும் என்றால் எனக்கு என்ன தைரியம்? கேட்டால் “எல்லாருக்கும் ஒட்டுறதுதாம்ப்பா” என்கிறாள். சொட்டு மருந்து எரிகிறது. கண் பாப்பா விரிய வேண்டுமாம். போன், கைக்கடிகாரம், மோதிரம் எல்லாவற்றையும் கழற்றி ஜெபக்கனியிடம் கொடுக்கச் சொல்லிவிட்டார்கள். அவள் வெளியே ஹாலில் கூட்டத்தோடு உட்கார்ந்திருக்கிறாள். மணி என்ன ஆகிறதோ. பன்னிரண்டு மணிக்கு என் புதுப் படத்தின் கடைசிப் பிரதி போட ஆரம்பிப்பார்கள். அதற்கப்புறம் அதில் ஒரு புள்ளியைக்கூட மாற்ற முடியாது. அதைப் பற்றி நினைக்கக் கூடாது என்று காலையிலிருந்து நினைத்துக்கொண்டிருக்கிறேன்.

இந்த அறைக்கு வெளிச்சம் போட்டவன் மட்டும் என் கையில் கிடைக்க வேண்டும். கூரை முழுக்க டியூப் லைட். நிழல் என்று ஒன்று தரையில் விழ வழியே இல்லை. எதிர்ச் சுவரில் டிவி ஓடுகிறது, கண்ணை மூடிக்கொண்டு உட்கார வேண்டியவர்கள் பார்ப்பதற்கு! தொகுமுரா இங்கே வந்திருந்தால் முதல் வேலையாக சுவிட்ச் போர்டு எங்கே என்று தேடியிருப்பார். இசாவோ தொகுமுரா. ஜப்பானில், கியோத்தோவில் ஒரு ஸ்டூடியோவில் லென்ஸ் துடைக்கிற வேலையில் சேர்ந்து, கேமரா தூக்கி, ஃபோகஸ் பார்த்து, கத்திச்சண்டைப் படங்களுக்கு மாடாக உழைத்து, தலை நரைக்கத் தொடங்கின பிறகுதான் அவருக்கு முதல் நல்ல படம் கிடைத்தது. அவருடைய பாணி என்ன என்று கேட்கிற மாணவர்களுக்கு நான் ஒன்றே ஒன்றுதான் சொல்வேன். எல்லாரும் விளக்கைப் போட்டு வெளிச்சம் அமைப்பார்கள், அவர் அணைத்து அமைப்பார். செட்டில் இருக்கிற அத்தனை விளக்கையும் எரியவிட்டு, ஒவ்வொன்றாக அணைத்துக்கொண்டே போவார். ஐயோ போதும், முகமே தெரியவில்லை என்று டைரக்டர் கத்துகிற ஒரு கட்டம் வரும். அதற்கப்புறமும் ஒன்றை அணைப்பார். அங்கேதான் கேமரா ஓடும். கறுப்பு வெள்ளையில் ஒரு படம், ஒரே ஒரு வீடு, அதில் விதவை ஒருத்தி. திரையின் கீழ்ப்பாதி முழுக்க இருட்டு. பாயில் உட்கார்ந்திருக்கிறவளுக்கு இடுப்புக்குக் கீழே உடம்பே இல்லை. அவள் எழுந்து நின்றால் கிணற்றிலிருந்து ஏறி வருகிற மாதிரி இருக்கும். அதைப் பார்த்தபோது நான் ஃபிலிம் இன்ஸ்டிட்யூட்டில் இரண்டாம் வருஷம். ஹாஸ்டலுக்குத் திரும்பிச் சாப்பிடப் பிடிக்கவில்லை. அன்றைக்குப் பிடித்த கிறுக்கு இன்னும் விடவில்லை.

“சார் சினிமாவுல கேமராமேனாமே, சிஸ்டர் சொன்னாங்க.” பக்கத்து நாற்காலி. ரிட்டயர்டு பேங்க் ஆபீசராம், கோதண்டபாணியாம், நான் கேட்காமலே எல்லாம் வந்துவிட்டது. ஆமாம் என்றேன். “எந்தெந்தப் படம் சார்?” சொன்னேன். ஒன்றும் தெரியவில்லை. போனால் போகிறதென்று விருது வாங்கின படத்தைச் சொன்னேன். “ஓ, அந்த இருட்டுப் படமா! எங்க வீட்டு டிவில ஒண்ணுமே தெரியல சார். டிவிதான் போச்சுன்னு மெக்கானிக்கைக் கூப்பிட்டுட்டேன்.” இந்த ஆளோடு இன்னும் எவ்வளவு நேரமோ. இருட்டுப் படமாம். அந்தப் படத்தின் நீலத்துக்குத்தான்யா விருது கொடுத்தார்கள், துயரத்தின் நிறத்தைத் தமிழ்த் திரைக்குத் தந்தவர் என்று பட்டயத்தில் எழுதி, பொன்னாடை போர்த்தி. அந்த நீலமும் தொகுமுராவிடம் கற்றதுதான். எழுபதை நெருங்கும்போது அவர் கலரில் மூன்று படம் செய்தார். மூன்றிலும் பனி. நம் ஊரில் மார்கழியில் பெய்கிற பனி இல்லை, முழங்கால் வரை புதைகிற பனி. அத்தனையும் நீலம். முகம் நீலம், அரிசிச்சோறு நீலம். உலகம் முழுக்க எழுதித் தள்ளினார்கள், போரில் செத்தவர்களின் நிறம் என்றான் ஒருவன், ஜப்பானிய மனத்தின் நிறம் என்றான் இன்னொருவன். நானும் எழுதினேன். எங்கள் தொழிலில் ஒரு வழக்கம் உண்டு. ஒவ்வொரு ரீல் தொடங்கும்போதும் கேமராவுக்கு முன்னால் ஒரு சாம்பல் நிற அட்டையைக் காட்டி அதைப் படம் பிடித்துவிடுவோம். லேபில் இருக்கிறவன் அந்த அட்டை சரியான சாம்பலாகத் தெரிகிற வரை நிறத்தைத் திருத்தினால் போதும், மற்றதெல்லாம் தானாகச் சரியாகிவிடும். தொகுமுரா அட்டை காட்டமாட்டார். மெருகு போடாத ஒரு சாம்பல் நிறத் தேநீர்க் கோப்பை வைத்திருந்தார், அதைத்தான் காட்டுவார், முதல் படத்திலிருந்து அதே கோப்பை. ஆனால் நீலப் படங்களின்போது லேபுக்குத் தானே போய் உட்கார்ந்துகொண்டு, ‘கோப்பையைப் பார்க்காதே, நான் சொல்கிறதைச் செய்’ என்றாராம். கோப்பையே நீலமாக வந்ததாம். அளவுகோலையே உடைத்தெறிந்த மேதை என்று நான் வகுப்பில் சொல்லும்போது பிள்ளைகள் வாயைப் பிளந்துகொண்டு கேட்பார்கள்.

அதற்கு மேல் அந்த மஞ்சள் கதை. அதைச் சொல்லாமல் நான் எந்த வகுப்பையும் முடித்ததில்லை. என் முதல் படத்தை டோக்கியோவில் ஒரு விழாவில் போட்டார்கள், போயிருந்தேன். அவர் அப்போது இரண்டாவது நீலப் படத்தை முடித்திருந்த சமயம். ஹோட்டலில் ஒரு பெண் எங்களுக்கு மொழிபெயர்க்க உட்கார்ந்தாள். நான் வழக்கம்போல் வெள்ளை வேட்டி, வெள்ளைச் சட்டை. நான் வேட்டியைத் தவிர வேறெதுவும் கட்டினதில்லை, பனிப் பிரதேசத்திலும் வேட்டிதான். கிழவர் என் படத்தைப் பற்றி ஒரு வார்த்தை பேசவில்லை. என் வேட்டியையே பார்த்துக்கொண்டிருந்தார். பிறகு குனிந்து அதன் நுனியைத் தொட்டு ஏதோ கேட்டார். அந்தப் பெண் தயங்கினாள். திரும்பவும் அவரிடமே கேட்டு உறுதி செய்துகொண்டு என்னிடம் சொன்னாள்: “நல்ல மஞ்சள், இதற்கு எந்தச் செடியிலிருந்து சாயம் எடுக்கிறீர்கள் என்று கேட்கிறார்.” எனக்குப் புல்லரித்துப்போயிற்று. வெள்ளைக்குள் இருக்கிற மஞ்சளைப் பார்க்கிற கண்! ஒரு பொருளின் நிறம் அதன் மேல் இல்லை, அதற்குள் இருக்கிறது என்று எனக்கு ஒரே கேள்வியில் உபதேசம் செய்துவிட்டார் என்று நினைத்தேன். அப்படித்தான் சொல்லிவந்தேன், மேடை மேடையாக. ஆனால் மூன்று நீலப் படங்களுக்கும் அப்புறம் அவர் செய்த கடைசிப் படம் எனக்குப் பிடிக்கவில்லை. பனி வெள்ளையாக இருந்தது. வெறும் வெள்ளை, காலண்டர் படம் மாதிரி. முடிவில் ஒரு பெண் அந்தச் சாம்பல் கோப்பையைக் கழுவி, பனி தெரிகிற ஜன்னலில் கவிழ்த்து வைக்கிறாள், கேமரா அதையே நெடுநேரம் பார்த்துக்கொண்டிருக்கிறது. லேபுக்காரனுக்குக் காட்டுகிற சாமானைக் கதைக்குள் கொண்டுவந்து வைப்பதா? குரு களைத்துவிட்டார் என்று பத்திரிகையில் எழுதினேன். கோப்பைக் காட்சியைக் கிழவரின் செண்டிமெண்ட் என்று எழுதினேன். இப்போதும் அப்படித்தான் நினைக்கிறேன். நினைக்கிறேனா?

“அப்பா, கண்ணத் திறங்க.” குளிர்ச்சியாக ஒரு சொட்டு விழுந்து எரிச்சலாக மாறுகிறது. “மூடிக்கோங்க.” திற, மூடு, திற, மூடு. சந்தனமாரியும் அன்றைக்கு இப்படித்தான் என்னைப் படுத்தினாள். இல்லை, அவள் படுத்தவில்லை, நான்தான் கத்தினேன். டைரக்டராக அவளுக்கு இது முதல் படம். தூத்துக்குடிக்காரி, அவளுடைய அம்மா இன்னும் உப்பளத்தில் உப்பு வாருகிறாள், படமும் உப்பளத்தைப் பற்றியதுதான், அந்த அம்மாவே அதில் ஒரு ஷாட்டில் வருகிறாள். திரவியம் சார் ஒப்புக்கொண்டுவிட்டார் என்று தெரிந்த பிறகுதான் தயாரிப்பாளர் அவளுக்கு நாற்காலியே போட்டார். அதை நான் ஒரு நாளும் அவளிடம் சொல்லிக் காட்டியதில்லை. சொல்லிக் காட்டவேண்டிய அவசியம் இருக்கவில்லை, அவளுக்கே தெரியும். என் வலது கண் ஆபரேஷனுக்கு முந்தின வாரம், கலர் திருத்துகிற அறையில் ரெஹானா மெஷினில் உட்கார்ந்திருந்தாள். நான் நீலத்தை ஏற்று என்றேன். ஏற்றினாள். இன்னும் என்றேன். “சார், மீட்டர்ல ஏற்கெனவே நீலம் தூக்கலாத்தான் காட்டுது” என்றாள். “நான் மீட்டரைப் பாத்துப் படம் பிடிக்கிறவன் இல்லம்மா” என்றேன். அறையில் எல்லாரும் சிரித்தார்கள், எனக்காகச் சிரித்தார்கள். சந்தனமாரி மட்டும் சிரிக்கவில்லை. எழுந்து திரைக்குப் பக்கத்தில் போய் நின்று பார்த்துவிட்டு வந்து மெதுவாகச் சொன்னாள்: “சார், உப்பு இப்படி இருக்காது சார். எங்கம்மா பாத்தாச் சிரிக்கும்.” எனக்கு எங்கிருந்துதான் அவ்வளவு கோபம் வந்ததோ. உப்பு வெள்ளை என்று எனக்குத் தெரியாதா? உங்கம்மாவுக்காகப் படம் எடுக்கிறாயா, உலகத்துக்காக எடுக்கிறாயா? தொகுமுராவின் பனியைப் பார்த்திருக்கிறாயா முதலில்? பார்த்துவிட்டு வந்து பேசு. அத்தனை பேர் முன்னாலும் சொன்னேன். அவள் “சரி சார்” என்றாள். அந்தச் சரி சார் நிஜமான சரி இல்லை என்பது எனக்குத் தெரியும். எத்தனை டைரக்டர்களிடம் நானே அந்தச் சரி சாரைச் சொல்லியிருக்கிறேன்! ஆனாலும் அன்றைக்கு வீட்டுக்குப் போகும்போது நன்றாகத்தான் இருந்தது, ஜெயித்துவிட்ட மாதிரி.

அந்த நிம்மதி ஒரு வேட்டியால் கெட்டது. முந்தாநாள் காலை, கொடியில் காய்கிற என் வேட்டிகளைப் பார்த்தேன். வலது கண்ணுக்குக் கட்டெல்லாம் எடுத்து, கறுப்புக் கண்ணாடியும் இல்லாமல் மொட்டைமாடிக்கு அன்றைக்குத்தான் ஏறினேன். என்ன இது, யார் வேட்டி என்று கேட்டேன். “யாரு வேட்டியா? உங்க வேட்டிதான். நீங்கதானே நீலம் முக்குனீய” என்றாள் ஜெபக்கனி. என் வேட்டியை நான்தான் துவைப்பேன், நான்தான் சொட்டு நீலம் போடுவேன், அதில் யாரையும் கைவைக்க விடமாட்டேன். அவள் இரண்டு வருஷமாகப் புலம்புகிறாள். “கர்த்தரே, இது வேட்டியா, கிருஷ்ணர் வேஷம் கட்டப் போறீயளா? சர்ச்சுல எல்லாரும் உங்களத்தான் பாக்காவ.” உனக்கு நிறத்தைப் பற்றி என்ன தெரியும் என்று வாயை அடைத்துவிடுவேன். கொடியில் தொங்கியது வெளிர்நீலம்கூட இல்லை, பள்ளிக்கூடத்துச் சட்டை நீலம். இடது கையால் வலது கண்ணை மூடிக்கொண்டு பழைய கண்ணால் பார்த்தேன். அழகான வெள்ளை. கையை மாற்றிப் பார்த்தேன். நீலம். மொட்டைமாடியில் நின்றுகொண்டு ஒரு கண்ணை மூடி ஒரு கண்ணைத் திறந்து நான் செய்துகொண்டிருந்ததைப் பக்கத்து வீட்டுக்காரர் வேறு பார்த்துவிட்டார். இதில் எந்தக் கண் பொய் சொல்கிறது? டாக்டரைக் கேட்டால், புதுக் கண்ணுக்குக் கொஞ்ச நாள் எல்லாம் நீலமாகத் தெரியும், போகப்போகச் சரியாகிவிடும் என்றார். அப்பாடா! அதைக் கெட்டியாகப் பிடித்துக்கொண்டேன். அப்படியானால் புதுக் கண்தான் பொய். பழைய கண்தான் நிஜம், நாற்பது வருஷம் சோறு போட்ட கண். உப்பு சரியாகத்தான் இருக்கிறது. வேட்டி சரியாகத்தான் இருக்கிறது. ஆனால் அப்படியென்றால் ஜெபக்கனிக்கு ஏன் நீலமாகத் தெரிகிறது? அவள் கண்ணில் யாரும் கத்தி வைக்கவில்லையே. சர்ச்சில் இருக்கிற அத்தனை பேருக்குமா புதுக் கண்? அந்த இடத்தில் வந்து ஒவ்வொரு தடவையும் மனசு இடறுகிறது, எழுந்து வேறு பக்கம் நடந்துவிடுகிறது. பயமாக இருக்கிறது, அதைச் சொல்லித் தொலைத்தால்தான் என்ன. ரொம்பப் பயமாக இருக்கிறது.

“ஒரு கண்ணு முடிச்சதுமே எனக்கு ஒரு கூத்து நடந்துது சார்.” கோதண்டபாணி விடுவதாக இல்லை. நான் தூங்குகிற மாதிரி தலையைச் சாய்த்துக்கொண்டேன். கண்ணை மூடிக்கொண்டிருக்கிறவன் தூங்குகிறானா என்று யாரும் பார்க்கமாட்டார்கள் போலிருக்கிறது, அவர் பாட்டுக்குச் சொல்கிறார். “போன வருஷம் மருமகளுக்கு வளைகாப்பு. கடைக்கு நானே போயி, நானே பாத்து, ஒரு பட்டுப் புடவை எடுத்தேன் சார். நல்ல மஞ்சள், சந்தனக் கலர். அந்தப் பொண்ணு, கடையில வேலை செய்யறது, ‘சார் இதுவா, இதுவேவா’ன்னு ரெண்டு தடவை கேட்டுது. இதான்மா, பேக் பண்ணுன்னேன். சபையில பிரிக்கறாங்க, சுத்த வெள்ளை! புள்ளத்தாச்சிக்கு வளைகாப்புல வெள்ளைப் புடவை! சம்பந்தி அம்மா எழுந்து போயிட்டாங்க. நான் என்ன சொன்னேன் தெரியுமா? உங்க எல்லாருக்கும் கண்ணு அவிஞ்சு போச்சா, அது மஞ்சள்னு சண்டை போட்டேன். போன மாசம் இந்தக் கண்ணு ஆபரேஷன் முடிஞ்சு வீட்டுக்குப் போயி அலமாரியத் திறந்து பாக்கறேன். வெள்ளை சார். பால் வெள்ளை.” அவர் சிரிக்கிறார். அந்தப் பக்கத்தில் இன்னும் யாரோ சிரிக்கிறார்கள். எனக்குச் சிரிப்பு வரவில்லை. நல்ல மஞ்சள் என்றார். கடைப்பெண் இரண்டு தடவை கேட்டாளாம். டோக்கியோவில் அந்தப் பெண்ணும் தயங்கித் திரும்பக் கேட்டாள். நல்ல மஞ்சள், எந்தச் செடியிலிருந்து. ஐயோ. கிழவருக்குக் கண்ணில் புரை. உபதேசமும் இல்லை, ஒரு மண்ணாங்கட்டியும் இல்லை. அவருக்கு என் வேட்டி மஞ்சளாகத் தெரிந்தது, மஞ்சள் என்று சொன்னார், நன்றாக இருக்கிறதே என்று சாயம் பற்றி விசாரித்தார். அவ்வளவுதான்! மஞ்சள் காமாலைக்காரனுக்குக் கண்டதெல்லாம் மஞ்சள் என்று நான் எத்தனை டைரக்டர்களைத் திட்டியிருக்கிறேன், முப்பது வருஷத்தில் ஒரு தடவையாவது அந்தப் பழமொழி என் வேட்டிப் பக்கம் வந்ததா? பனி மஞ்சளாகத் தெரிந்திருக்கிறது அவருக்கு. பனி இப்படி இருக்காதே என்று நீலத்தை ஏற்றச் சொல்லியிருக்கிறார். இன்னும் ஏற்று, இன்னும் ஏற்று. அவர் கண்ணுக்கு அது வெள்ளையாக வந்து நின்றபோது ஊருக்கு நீலமாகிவிட்டது. நாங்கள் கட்டுரை எழுதினோம்.

கோபம் யார் மேல் என்று தெரியவில்லை. அந்தக் கிழவர் மேல், என் மேல், விருது கொடுத்தவர்கள் மேல், போரில் செத்தவர்களின் நிறம் என்று எழுதினானே அவன் மேல். இளமையில் அணைத்து அணைத்துச் செய்த அந்த இருட்டு நிஜம். அந்த விதவை எழுந்து நின்றது நிஜம். அதை விட்டுவிட்டு நான் போயும் போயும் அவருடைய புரையைக் காப்பியடித்திருக்கிறேன், அதுவும் எனக்கே புரை வந்த பிறகு இரட்டிப்பாக! அப்புறம் அந்தக் கடைசிப் படம். அதற்கு முன்னால் அவரும் இப்படி ஒரு நாற்காலியில், இப்படி ஒரு குல்லாயோடு உட்கார்ந்திருப்பார். கட்டுப் பிரித்துத் தன் பனியைப் பார்த்திருப்பார். உலகமே கொண்டாடுகிற நீலம். வாயை மூடிக்கொண்டிருந்தால் மேதையாகவே செத்திருக்கலாம். அவர் என்ன செய்தார்? பனியை வெள்ளையாக எடுத்தார். கோப்பையைக் கொண்டுவந்து ஜன்னலில், எல்லாரும் பார்க்க, நெடுநேரம் வைத்தார். இதுதான் சாம்பல், என் மற்றப் படங்களை எல்லாம் இதை வைத்துச் சரிபார்த்துக்கொள்ளுங்கள் என்று சொல்லியிருக்கிறார். செண்டிமெண்டாம். எழுதின கையை உடைத்தால் என்ன? எத்தனை பேருக்கு வரும் அந்தத் தைரியம்? எனக்கு வராது. வரவேண்டியதில்லை, அவர் பெரிய மனிதர். எனக்கு இந்தக் கண்ணை முடித்துக்கொண்டு போய்ப் படுத்தால் போதும், சாயங்காலம் பிரதி தயாராகியிருக்கும், இன்னொரு விருதுகூட வரலாம். தூத்துக்குடியில் முதல் காட்சிக்குச் சந்தனமாரியின் அம்மா நல்ல புடவை கட்டிக்கொண்டு வந்து உட்காருவாள். திரையில் நீல உப்பைப் பார்ப்பாள். சிரிக்கமாட்டாள். சிரித்திருந்தால்கூடப் பரவாயில்லை. மகள் படத்தில் நம் உப்பை ஏன் இப்படிச் செய்திருக்கிறார்கள், பெரியவர்கள் ஏதாவது காரணமாகத்தான் செய்திருப்பார்கள் என்று நினைத்துக்கொள்வாள்.

எழுந்துவிட்டேன். கண்ணைத் திறந்ததும் டியூப் லைட்டுகள் எல்லாம் வெடித்துக்கொண்டு வந்தன. “அப்பா, எங்க போறீங்க? பாத்ரூம் இந்தப் பக்கம்.” பாத்ரூம் இல்லை, போன் என்றேன். “போனெல்லாம் கூடாதுப்பா. அடுத்தது நீங்கதான். முடிஞ்சதும் பேசலாம்.” முடிஞ்சதும் எதைப் பேசுவது? “பயப்படாதீங்கப்பா.” பயப்படுகிறேன் என்று நான் சொன்னேனா! கையை உதறிக்கொண்டு கதவைத் தள்ளி வெளியே வந்தேன், பச்சை அங்கி, குல்லாய், புருவத்தில் ஸ்டிக்கர், பின்னால் நர்ஸ். ஹாலில் இருந்த கூட்டம் முழுக்கத் திரும்பியது. ஜெபக்கனி எங்கே என்று தெரியவில்லை, இடது கண் முழுக்க வெளிச்சம் கொட்டியது. குரல்தான் முதலில் வந்தது. “ஏங்க! என்ன கோலம் இது? ஆபரேஷன் வேண்டாம்னு ஓடி வாரீயளா?” போனைக் கொடு என்றேன். சந்தனமாரியைப் போட்டுக் கொடு. “இப்பமா?” இப்பத்தான். அவள் என் முகத்தைப் பார்த்துவிட்டுப் போட்டுக் கொடுத்தாள்.

“சார்? ஆபரேஷன் முடிஞ்சிருச்சா சார்?”

“இல்லம்மா. பிரதி போட ஆரம்பிச்சாச்சா?”

“இப்பத்தான் சார் எல்லாம் ஏத்திட்டிருக்காங்க. இன்னும் கொஞ்ச நேரத்துல...”

“நிறுத்தச் சொல்லு.”

அந்தப் பக்கம் மூச்சு இழுக்கிற சத்தம். “ரெஹானா சொல்லிட்டாங்களா சார்?”

எதை என்று கேட்க வாயெடுத்தேன். அவள் கேட்கவிடவில்லை. “மன்னிச்சிருங்க சார். ஒரே ஒரு ஷாட்தான் சார். எங்கம்மா உப்புக் குமி மேல நின்னு வேலை பாக்கிற ஷாட். நேத்து நாந்தான் ரெஹானாகிட்ட கெஞ்சி அதுல மட்டும் நீலத்த எடுக்கச் சொன்னேன். எங்கம்மா கை நீலமா இருந்துச்சு சார், செத்தவங்க கை மாதி. ஊர்ல எல்லாரும் பாப்பாங்க. ஒரு ஷாட்தானே, உங்களுக்குத் தெரியாதுன்னு நெனச்சிட்டேன். வேணும்னா இப்பவே பழையபடி வச்சிருதேன் சார்.”

எனக்குச் சுர்ரென்று ஏறியது. என்னைக் கேட்காமலா! என் ஃபிரேமிலா! என்னோடு வேலை செய்த எந்த டைரக்டரும், எவ்வளவு பெரிய டைரக்டரும், எனக்குத் தெரியாமல் ஒரு ஷாட்டைத் தொட்டதில்லை. அதைச் சொல்லத்தான் வாயைத் திறந்தேன். நர்ஸ் என் முழங்கையைப் பிடித்து இழுத்துக்கொண்டிருந்தாள், ஜெபக்கனி என் அங்கியின் நாடாவைப் பின்னால் பிடித்துக்கொண்டிருந்தாள்.

“அந்த ஷாட்டுல உப்பு எப்படி இருக்கு?” என்று கேட்டேன்.

“உப்பு மாதிதான் சார் இருக்கு.”

“அத எடுத்து முன்னால வச்சுக்கோ. படம் முழுக்க அதுக்கு மேட்ச் பண்ணச் சொல்லு ரெஹானாவ. எல்லா ஷாட்டும். பிரதி நாளைக்குப் போட்டாப் போதும், தயாரிப்பாளர்கிட்ட நான் பேசிக்கிறேன்.”

“சார்?”

“என் கண்ணு சரியில்லாம இருந்திருக்கும்மா. புரை. நீ சொன்னதுதான் சரி. அன்னைக்கு அத்தனை பேருக்கு முன்னால நான் பேசுனது தப்பு.”

அவள் ரொம்பத் தயங்கி, “அப்ப தொகுமுரா சார்...?” என்றாள்.

“அவருக்கும்தாம்மா.”

ஜெபக்கனி போனை வாங்கிக்கொண்டாள். “இதத்தானே ரெண்டு வருசமாச் சொல்லுதேன்” என்றவள் என் குல்லாயை நேராக்கினாள். நர்ஸ் என்னை உள்ளே கூட்டிக்கொண்டு போய் அதே நாற்காலியில் உட்கார்த்தினாள். கோதண்டபாணியை அதற்குள் உள்ளே கொண்டுபோய்விட்டிருந்தார்கள். டியூப் லைட் அப்படியேதான் எரிந்துகொண்டிருந்தது. டிவியில் சமையல். “பாருங்க, போட்ட மருந்தெல்லாம் வழிஞ்சு போச்சு, மறுபடியும் போடணும்” என்று சலித்துக்கொண்டு அவள் என் இமையைப் பிடித்துத் தூக்கினாள். “அழாதீங்கப்பா. ஒண்ணும் வலிக்காது.”

வலிக்கும் என்று நான் சொன்னேனா?